டிசம்பர் முப்பத்தெட்டாம் தேதி

இதில் ஓரெழுத்துகூடப் பொய்யில்லை. வடிவுடையம்மன் சன்னிதியில் உள்ளங்கையில் சூடம் ஏற்றி, அதை அணைத்துச் சொல்லத் தயாராக இருக்கிறேன். அது போதாது என்பவர்களுக்கு என் இரண்டு கண்மேலும் சத்தியம். இடது கண்ணில் புரை எடுத்து ஆறு வருஷம் ஆகிறது. அந்தக் கண்ணின் சத்தியத்தைப் பாதியாக எடுத்துக்கொண்டாலும் மொத்தத்தில் ஒன்றரைச் சத்தியம் தேறும். கோர்ட்டில் ஒன்றுதான் கேட்கிறார்கள்.

என் பெயர் தேசப்பன். காலடிப்பேட்டையில் இருக்கிறேன். திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் எண்ணெய்ப் பீப்பாய் செய்யும் கம்பெனி ஒன்றில் டைம் ஆபீஸ் கிளார்க்காக இருந்தேன். டைம் ஆபீஸ் என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். கேட்டுக்குப் பக்கத்தில் எட்டுக்கு எட்டு அறை. அதில் ஒரு மேஜை, ஒரு மின்விசிறி, சுவரில் ஒரு பஞ்சிங் மிஷின், மிச்ச இடத்தில் நான். வேலைக்கு வருகிறவன் தன் பெயர் எழுதிய அட்டையை மிஷினின் வாயில் விடுவான். 'டங்' என்று ஒரு சத்தம் கேட்கும். ஊதா மையில் தேதியும் மணியும் விழும். சாயங்காலம் அந்த அட்டைகளையெல்லாம் எடுத்துப் பார்த்து, யார் வந்தான், யார் வரவில்லை என்று மஸ்டர் பேரேட்டில் ஏற்ற வேண்டும். வெளியே எண்ணூர் போகிற கன்டெய்னர் லாரிகள் காலையில் எந்த இடத்தில் நின்றனவோ அதே இடத்தில் மாலையிலும் நிற்கும். நேரம் ஓடுகிறது என்று எனக்கு யாரும் சொல்லித் தெரிந்ததில்லை. மிஷின் சொன்னால்தான் உண்டு.

வரதன் பிரஸ் ஷாப்பில் கேசுவல். தகட்டை வட்டமாக வெட்டிப் பீப்பாய்க்கு மூடி அடிக்கிற பிரஸ்ஸில் நிற்பான். ஐம்பது வயது. பதினொரு வருஷமாகத் தற்காலிகம். பதினொரு வருஷம் ஒருவன் தற்காலிகமாக இருப்பது எப்படி என்று பள்ளிக்கூடத் தமிழ் வாத்தியார்கள்தான் விளக்க வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது என்றால், இருபத்து நான்கு காலண்டர் மாதத்துக்குள் நானூற்று எண்பது நாள் வேலை செய்த ஆளை நிரந்தரம் ஆக்கிவிட வேண்டும். கம்பெனி என்ன சொல்கிறது என்றால், நானூற்று எண்பது வந்தால்தானே. அதனால் இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை, கேசுவல் ஆட்களுக்குப் பன்னிரண்டு நாள் பிரேக். வீட்டுக்குப் போ, கூப்பிட்டு அனுப்புகிறோம், அவ்வளவுதான். வரதனின் எண்ணிக்கை நானூற்று எழுபதைத் தொடும், எழுபத்தைந்தைத் தொடும், அதற்குள் பழைய மாதங்கள் பின்னால் கழன்று விழுந்துவிடும். எதிராக ஓடுகிற பெல்ட்டின் மேல் நடப்பது போல.

அவனுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. நிரந்தர ஆட்களுக்கு நீலச் சட்டை உண்டு. பாக்கெட்டுக்கு மேலே மஞ்சள் நூலில் பெயர் பின்னியிருக்கும். கேசுவலுக்குச் சொந்தச் சட்டை, அதுவும் கிழிந்தால் சொந்தக் கிழிசல்.

"எட்டு வருசம் கீது நைனா" என்பான் என்னிடம். "அம்பத்தெட்டு ஆனா எல்லாரயும் அனுப்பிடுவான். அதுக்குள்ள ஒரு தபா அந்த நீல சொக்காவ மாட்டிக்கினு கேட்டாண்ட நடந்து போவணும். நீ வேணா பாத்துகினே இரு."

நானும் பார்த்துக்கொண்டேதான் இருந்தேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது, ஜனவரி எட்டாம் தேதி காலை. பன்னிரண்டு நாள் பிரேக் முடிந்து வரதன் வந்தான். காலை இழுத்துக்கொண்டு வந்தான். கண்ணுக்குக் கீழே இரண்டு பை.

"இன்னா வரதா, நல்லா ரெஸ்ட்டா?"

"நக்கலா நைனா? இடுப்பு கழண்டு பூடுச்சு."

"வேற எங்கனா லோடு தூக்கப் போனியா?"

"யாருனா கூப்ட்டா போமாட்டனா? ஒருத்தனும் கூப்டல. வூட்லதான் பட்த்துகினு இருந்தேன். பட்த்துகினு இருக்கசொல்லோ ஒண்ணும் தெரில. எந்திரிக்கசொல்லோதான் பேஜாரு. ஒரு ஷிப்ட்டு அடிச்சா மாரி ஒடம்பு கொதிக்குது."

இதை நான் புதிதாகக் கேட்கவில்லை. பிரேக் முடிந்து வருகிற கேசுவல் ஆட்கள் அத்தனை பேரும் போகும்போது இருந்ததைவிட அதிகக் களைப்போடுதான் திரும்பி வந்தார்கள். சும்மா இருந்து களைத்துப்போகிறார்கள் என்று இத்தனை வருஷம் நினைத்துவிட்டேன்.

மேஜை டிராயரைத் திறந்து அவன் அட்டையை எடுத்தேன். பிரேக்கில் போகிறவன் அட்டையை டிராயரில் வைத்துப் பூட்டி, சாவியை என் அரைஞாணில் முடிந்துகொள்வது வழக்கம். அரைஞாண் எப்போதும் என்னோடுதான் இருக்கும், குளிக்கும்போதுகூட. அப்படிப் பூட்டிக் கிடந்த அட்டையில் பன்னிரண்டு புது முத்திரை விழுந்திருந்தது. டிசம்பர் 27. டிசம்பர் 28. அப்படியே 31 வரைக்கும் ஒழுங்காக வந்து, அதற்கப்புறம் டிசம்பர் 32. டிசம்பர் 33. கடைசி முத்திரை டிசம்பர் 38, காலை 7.55. ஐந்து நிமிஷம் முன்னதாகவே வந்திருக்கிறான்.

"இன்னா நைனா அட்டையவே பாக்கற?"

"ஒண்ணுமில்ல. டிசம்பர் முப்பத்தெட்டாந் தேதி நீ எங்க இருந்த?"

வரதன் கொஞ்ச நேரம் யோசித்தான். "வூட்லதான்" என்றான். தேதியைப் பற்றி அவனுக்குச் சந்தேகம் வரவில்லை. காலண்டர் படிக்கிற தெம்பு அவனுக்கு இல்லை.

மத்தியானம் அவன் மனைவி கோவிந்தம்மா சோறு கொண்டு வந்தாள். திருவொற்றியூர் மார்க்கெட்டில் கருவாடு விற்கிறவள். அவளைக் கேட்டேன்.

"வூட்லதாண்ணா கெடந்தாரு. நானே கதவ சாத்திட்டு போவேன், நானே தொறப்பேன்" என்றாள். "ஆனா ஒண்ணு. சாயங்காலம் வந்து பாத்தா கை ரெண்டும் கிரீசு. பாய்லாம் கிரீசு. இன்னாய்யா பண்ண, எங்கய்யா போனன்னு கேட்டா தூங்கிகினு இருந்தேன்றாரு. எவளனா வெச்சிகினு கீறாரோன்னு கூட பாத்தேன். எவ வூட்ல இம்மாம் கிரீசு இருக்கும் சொல்லு?"

நியாயமான கேள்வி.

மறுநாள் ராயபுரத்தில் கடிகாரக் கடை வைத்திருந்த சௌக்கத் அலியைக் கூப்பிட்டேன். எங்கள் பஞ்சிங் மிஷினுக்கு எண்ணெய் போடுகிறவர் அவர்தான். மிஷினின் பின்மூடியைக் கழற்றி, கண்ணில் பூதக்கண்ணாடியைச் செருகிக்கொண்டு, உள்ளே எதையோ திரும்பத் திரும்ப எண்ணினார்.

"தோஸ்து" என்றார் கடைசியில். "இதுல தேதி சக்கரம் எத்தினி இருக்கணும்?"

"ஒண்ணு."

"நாலு கீது."

எட்டிப் பார்த்தேன். ஒன்றுக்குப் பின்னால் ஒன்றாக நாலு பல்சக்கரம். முன்னால் இருந்தது நிதானமாக நின்றது. இரண்டாவது முன்னும் பின்னும் அசைந்தது. மூன்றாவது வேகமாகச் சுற்றியது. கடைசியில் இருந்தது கறுப்பாக, கிரீஸ் அப்பி, மூச்சு வாங்குகிற மாதிரி நின்று நின்று நகர்ந்தது.

"மொத சக்கரம் உனக்கு" என்றார் சௌக்கத் அலி. "மிச்சம் மூணு யாருக்கு சுத்துது?"

"நீதான் பாய் சொல்லணும்."

"நான் கடிகாரம் ரிப்பேரு பண்றவன். யாருக்கு இன்னா மணின்னு எனக்கு இன்னா தெரியும்?" என்று சொல்லிவிட்டு, நாலாவது சக்கரத்தில் ஒரு பல் வளைந்து உரசுவதைப் பார்த்து, அரத்தால் அந்தப் பல்லை ராவி எடுத்துவிட்டார். "இப்ப ஃப்ரீயா ஓடும்." எடுத்த பிறகு எனக்காக எண்ணியும் சொன்னார். தொண்ணூற்றொன்பது பல். ஒரு பல் போனால் என்ன என்று நானும் வேலைச் சீட்டில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அதைப் பற்றி அப்புறம் வருத்தப்பட வேண்டியிருந்தது.

நேரில் போய்ப் பார்த்துவிடுவது என்று முடிவு செய்தேன். சாப்பாட்டு இடைவேளையில், என் அட்டையைத் தலைகீழாகப் பிடித்து மிஷினின் வாயில் விட்டேன். டங். பிளாட்பாரத்தில் நிற்கும்போது கும்மிடிப்பூண்டி வண்டி உரசிக்கொண்டு போனால் காது அடைக்குமே, அப்படி அடைத்தது.

இந்தப் பிரபஞ்சம் நாலடுக்கு டிபன் கேரியர் என்பதை அன்றைக்குத்தான் கண்டேன். மேலே நம் அடுக்கு. கீழே மூன்று. எல்லாவற்றையும் சேர்த்துப் பிடிக்கிற கம்பிதான் எங்கள் பஞ்சிங் மிஷின். ஒன்றில் வைத்தது இன்னொன்றில் கலக்கக் கூடாது என்றுதான் செய்திருக்கிறார்கள். ஆனால் கேரியரை ஆட்டிக்கொண்டு போனால் ரசம் எங்கே நிற்கும்?

இரண்டாவது அடுக்கு முழுக்கத் தண்ணீர். சூரியன் உண்டு, யாரும் மதிப்பதில்லை. கடல் ஒரு தடவை ஏறி ஒரு தடவை வற்றினால் ஒரு நாள். மாதங்களுக்கு மீன் பெயர். நெத்திலி, சங்கரா, வஞ்சிரம், காரப்பொடி. நெத்திலி மாதத்துக்கு எத்தனை நாள் என்று ஓர் ஆளைக் கேட்டேன். "நெத்திலி கீற வரிக்கும்" என்றான். மீன் கிடைக்காத காலத்துக்கு மாதம் கிடையாது. அந்த இடைவெளியில் பிறந்தவர்களிடம் வயதைக் கேட்டால் தலையைக் குனிந்துகொள்கிறார்கள்.

மூன்றாவது அடுக்கில் வானமே இல்லை, புகைதான். கம்பெனிச் சங்கு ஊதினால் ஒரு நாள் முடிந்தது. நமக்கு ஒரு நாள் ஆவதற்குள் அங்கே மூன்று நாள். பிறந்த குழந்தைக்குப் பெயர் தேடுவதற்குள் அது பள்ளிக்கூடத்திலிருந்து திரும்பி வந்துவிடுகிறது. எதிரெதிரே பார்த்துக்கொண்டால் வணக்கம் சொல்வதில்லை. "இன்னிக்கு எத்தினாவது இன்னிக்கு?" என்று கேட்டுக்கொள்கிறார்கள். பதில் வருவதற்குள் சங்கு ஊதிவிடுகிறது.

நாலாவது அடுக்கில் இறங்கியதும் திரும்ப நம் இடத்துக்கே வந்துவிட்டோமோ என்று நினைத்தேன். அதே கேட். அதே எட்டுக்கு எட்டு அறை. ஆனால் பக்கத்து உரக் கம்பெனியின் அம்மோனியா நாற்றம் இல்லை. அப்போதே தெரிந்துவிட்டது, இது திருவொற்றியூர் இல்லை.

பிரஸ் ஷாப்புக்குள் போனேன். அங்கே இருந்தவர்கள் எல்லாரும் கேசுவல். பிரேக் என்று சொல்லி நாம் வீட்டுக்கு அனுப்பின ஆட்கள். மேலடுக்கில் அவர்களிடமிருந்து பிடுங்கின நாட்கள் காணாமல் போய்விடவில்லை. வழிந்து இறங்கி இந்த அடியடுக்கில் வந்து தேங்குகின்றன. தேங்கின நாளை வீணாக்காமல் அதிலும் வேலை வாங்கிக்கொண்டிருக்கிறார்கள். வரதன் தன் பிரஸ்ஸில் நின்று மூடி அடித்துக்கொண்டிருந்தான். அன்றைக்கு மேலே அவனுக்கு வேலை நாள். ஆனாலும் கீழே பழைய பாக்கி பிரேக் நாட்கள் கிடந்தன போலிருக்கிறது.

"வரதா" என்றேன்.

திரும்பிப் பார்த்தான். என்னைத் தெரியவில்லை. தூக்கத்தில் இருப்பவன் கண். ஒரு மூடியை எடுத்து அடுக்கில் வைத்துவிட்டு அடுத்த தகட்டை எடுத்தான்.

தோளைப் பிடித்து அசைத்திருக்கலாம். செய்யவில்லை. எழுப்பினால் அவன் எந்த அடுக்கில் விழித்துக்கொள்வான் என்று எனக்குத் தெரியாது. திரும்பி வந்து, தயிர்சாதத்தைச் சாப்பிட்டேன். இடைவேளை முடிய இன்னும் ஆறு நிமிஷம் இருந்தது.

அன்றிலிருந்து பதினொரு மாதம் உட்கார்ந்து அந்தப் பிரபஞ்சத்துக்கு ஒரு காலண்டர் போட்டேன். மளிகைக் கடை தினசரி காலண்டரில் கிழித்த தாள்களின் பின்பக்கத்தில் எழுதினேன். மற்ற அடுக்குகளை ஒப்புக்கு முடித்துவிட்டு, நாலாம் அடுக்குக்குத்தான் மெனக்கெட்டேன். அங்கேயும் வாரத்துக்கு ஏழு நாள். ஆனால் கிரகங்கள் எட்டிப் பார்க்காத இடம் என்பதால், கேசுவல் ஆளை வீட்டுக்கு அனுப்பக் கம்பெனி சொல்கிற காரணங்களே கிழமைகள். ஆர்டரில்லை, ரிப்பேர், ஸ்டாக், ஆடிட், மழை, மேலிடம், பிறகு. 'பிறகு' அவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை. அன்றைக்கும் வேலை உண்டு. யாராவது ஒருவர் "நாளைக்கு வா" என்று சொன்னால் மாதம் முடிந்தது என்று அர்த்தம். ராகு காலம் என்ற இடத்தில் 'ராகுவும் கேசுவல், கூப்பிட்டால் வருவார்' என்று குறித்தேன். சக்கரத்தில் எத்தனை பல்லோ அத்தனை நாள் ஒரு வருஷத்துக்கு. தொண்ணூற்றொன்பது. நூறாவது நாள் வந்தால் வருஷமே நிரந்தரம் கேட்கும் என்று அதற்கும் பிரேக் கொடுத்துவிட்டார்கள் என்று, ராவி எடுத்த பல்லை மறந்து, நினைத்துக்கொண்டேன். பொருத்தமாகவும் இருந்தது.

அந்த வருஷம் டிசம்பர் இருபத்தெட்டு. ரெண்டாயிரம் பிறந்தால் கம்ப்யூட்டர் எல்லாம் புத்தி பேதலித்துவிடும் என்று ஊரே பேசிக்கொண்டிருந்த சமயம். இரண்டு வருஷத்தில் வரதன் வேலை செய்த நாள் நானூற்று எழுபத்தெட்டு. இன்னும் இரண்டு நாள். சாயங்காலம் பர்சனல் ஆபீசர் அறிவு ஒரு தாளை என் மேஜையில் வைத்தார். வரதன், நாளை முதல் பிரேக், பன்னிரண்டு நாள்.

அறிவு நல்ல மனிதர்தான். சத்தம் போட மாட்டார். அவர் கண்ணுக்குக் கீழேயும் பை உண்டு.

"ரெண்டே ரெண்டு நாளு சார்" என்றேன்.

"தெரியும் தேசப்பன். எண்ணித்தானே போட்டிருக்கேன்" என்றார். எண்ணுகிறவனின் களைப்பு எண்ணப்படுகிறவனுக்குத் தெரியாது என்பது போல ஒரு நிமிஷம் நின்றார். "நாளைக்குத் தொழிற்சாலை ஆய்வாளர் வராராம். அட்டை எல்லாம் எடுத்து வைங்க."

கேட்டில் காத்திருந்த வரதனிடம் தாளைக் காட்டினேன். படிக்கவில்லை, நீளத்தை வைத்தே தெரிந்துகொண்டான்.

"இதோட எத்தினி தபா நைனா இப்டி?"

"அத்த வுடு. நாளைக்கு காலைல வந்துடு."

"பிரேக்னுட்டானே?"

"பிரேக்னாலும் நீ வர்ற ஆளுதான். எனக்குத் தெரியும்."

மறுநாள் ஆய்வாளர் கும்மிடிப்பூண்டி வண்டியில் வந்து இறங்கி, வேர்த்து விறுவிறுத்து, அறிவின் அறையில் மின்விசிறிக்கு நேராக நாற்காலியைப் போட்டுக்கொண்டார். மோர் வந்தது. குடித்தார். இன்னொரு தம்ளர் வந்தது. அதற்குள் நான் வரதனையும், அவன் அட்டைகளையும், என் காலண்டர் கட்டையும் கொண்டுபோய் நிறுத்தினேன்.

"என்னய்யா இது, மளிகைக் கடை காலண்டரா?"

"பின்பக்கம் பாருங்க சார்."

பார்த்தார். ஒரு தாள், இரண்டு தாள். ஏழாவது தாளில் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். நான் நாலு அடுக்கையும் சொன்னேன். டிசம்பர் முப்பத்தெட்டாம் தேதி அட்டையைக் காட்டினேன். பிரேக்கில் இருந்ததாகச் சொல்லும் நாட்களிலும் இந்த ஆள் வேலைதான் செய்திருக்கிறான், இரண்டு வருஷத்தில் அந்த நாட்கள் மட்டும் நூற்று நாற்பத்து நாலு, கூட்டினால் அறுநூற்று இருபத்திரண்டு, சட்டம் கேட்பது நானூற்று எண்பதுதான் என்றேன்.

"சார், இதெல்லாம் கணக்கில் வராது" என்றார் அறிவு. "சட்டத்துல தெளிவா இருக்கு, இருபத்து நாலு காலண்டர் மாசம். அந்த மாசத்துல டிசம்பர் முப்பத்தெட்டு இல்ல."

"எந்தக் காலண்டர்னு போட்டிருக்குதா சார்?" என்றேன்.

 ஆய்வாளர் பையிலிருந்து சட்டப் புத்தகத்தை எடுத்து, எச்சில் தொட்டுப் புரட்டி, விரல் வைத்துப் படித்தார். மேலே படித்தார், கீழே படித்தார், அடிக்குறிப்பையும் விடவில்லை.

"காலண்டர்னு மட்டும்தான் இருக்கு" என்றார். "இங்கிலீஷ்னு இல்ல. தமிழ்னும் இல்ல. எங்க வீட்டுல மூணு காலண்டர் தொங்குது, என் சம்சாரம் எதைப் பார்த்து எதைச் சொல்றான்னு எனக்கே தெரியாது." பிறகு வரதன் பக்கம் திரும்பினார். "ஏம்பா, நேத்து சாயங்காலத்துலேர்ந்து பிரேக்தானே உனக்கு? கையைக் காட்டு."

வரதன் காட்டினான். இரண்டு கையிலும் புதுக் கிரீஸ். ஆய்வாளர் மோந்து பார்த்தார்.

"இது வீட்டுல இருக்கிற கை இல்ல" என்றார். அவரும் இருபத்தாறு வருஷமாகத் தொழிற்சாலைகளை மோந்து பார்க்கிறவர். "நிரந்தரம் பண்ணிடுங்க சார். இந்தக் காலண்டர் செல்லும்."

அறிவு மணியடித்து ஆளைக் கூப்பிட்டார். டைப் அடிக்கச் சொன்னார். பன்னிரண்டேகால் மணிக்கு வரதன் கையில் தாள் வந்தது. பிரஸ் ஷாப், நிரந்தரத் தொழிலாளி. அவன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான், பின்பக்கத்திலும் ஏதாவது தேதி இருக்கிறதா என்பது போல. சிரிக்கவில்லை. சிரிப்பதற்கு உடம்பில் எங்கேயோ ஒரு தெம்பு வேண்டியிருக்கிறது. ஸ்டோர்ஸுக்குப் போய் நீலச் சட்டை வாங்கி மாட்டிக்கொண்டு வந்தான். பெயர் பின்ன ஒரு வாரம் ஆகும் என்றார்களாம். பாக்கெட்டுக்கு மேலே வெறும் நீலம்.

அந்த நேரத்தில் அறிவு ஒரு துண்டுத் தாளில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார். எழுதி முடித்து, அதை என் பக்கம் நகர்த்தினார்.

"தேசப்பன், இந்தக் காலண்டர் செல்லும்னா முழுசாத்தானே செல்லணும்?"

"ஆமா சார்."

"பதினோரு வருஷத்துல வரதனுக்குக் கொடுத்த பிரேக் எழுநூத்துத் தொண்ணூத்திரண்டு நாள். அந்த நாளெல்லாம் அவர் நாலாம் அடுக்குல வாழ்ந்திருக்கார். அங்க வருஷத்துக்குத் தொண்ணூத்தொம்பது நாள்னு நீங்கதான் எழுதியிருக்கீங்க. வகுத்துப் பாருங்க."

வகுத்தேன். மீதி இல்லாமல் எட்டு வந்தது.

"இங்க அம்பது வயசு. அங்க எட்டு" என்றார் அறிவு. குரலில் வெற்றி ஒன்றும் இல்லை. "அம்பத்தெட்டு. இன்னியோட ஓய்வு."

 ஆய்வாளர் தாளை வாங்கிப் பார்த்தார், தானும் ஒரு தடவை வகுத்தார். "செல்லும்னு சொல்லிட்டேனே" என்று முனகினார். ராவி எடுத்த அந்த ஒரு பல் இருந்திருந்தால் வருஷத்துக்கு நூறு நாள் ஆகியிருக்கும். எட்டு வருஷம் நிறைய எண்ணூறு நாள் வேண்டும். வரதனுக்கு இன்னும் எட்டு நாள் மிச்சம் இருந்திருக்கும். பெயர் பின்னி வருகிற வரைக்குமாவது காணும். பன்னிரண்டு நாள் பிரேக்கை எண்ணத் தெரிந்த எனக்கு ஒரு பல்லின் விலை தெரியவில்லை.

வரதன் எங்கள் மூன்று பேரையும் மாற்றி மாற்றிப் பார்த்தான்.

"இன்னா நைனா சொல்றாரு?"

"நீ பெர்மனென்ட்டு ஆயிட்ட வரதா."

"அது தெரியும். அப்பால?"

"அப்பால ரிட்டயர்டு ஆயிட்ட."

அவன் கோபப்படுவான் என்று பயந்தேன். அந்தத் துண்டுத் தாளை அவனிடமும் கொடுத்தேன், தப்பு என்னுடையது என்றும் சொன்னேன். அவன் நாற்காலியைக் காட்டி, "குந்தலாமா சார்?" என்று ஆய்வாளரைக் கேட்டான். பதினொரு வருஷத்தில் அந்த அறையில் அவன் உட்கார்ந்தது அப்போதுதான். உட்கார்ந்து, இரண்டு கையையும் தொடைமேல் வைத்துக்கொண்டு, புதுச் சட்டையில் கிரீஸ் படாமல் விரல்களைத் தூக்கியே வைத்திருந்தான்.

"அப்டின்னா" என்றான், "இனிமே பிரேக் குடுக்க முடியாதா சார் எனக்கு?"

"முடியாது" என்றார் அறிவு.

"கீழ, அந்த நாலாவதுல?"

அறிவு என்னைப் பார்த்தார். நான் சொன்னேன், "பிரேக்கு இல்லன்னா அங்கயும் உனக்கு நாளு கெடையாது வரதா. ஒரு எடத்துலயும் உனக்கு வேலை இல்ல."

"சர்த்தான்" என்றான் வரதன்.

இரண்டு மணிக்கு ஓய்வுத் தாள் டைப் ஆகி வந்தது. கையெழுத்துப் போட்டான். ஆய்வாளர் எழுந்து அவனுக்குக் கை கொடுத்தார். கையில் ஒட்டின கிரீஸை என்ன செய்வதென்று தெரியாமல் அப்படியே வண்டி பிடிக்கப் போனார். வரதன் டைம் ஆபீஸுக்கு வந்து, தன் அட்டையை மிஷினில் விட்டான். டங். டிசம்பர் 29, 2.05. நல்ல தேதி. எல்லா அடுக்கிலும் செல்லுகிற தேதி.

கேட்டுக்கு வெளியே கோவிந்தம்மா காலிக் கூடையோடு நின்றிருந்தாள். நீலச் சட்டையைப் பார்த்து ஓர் அடி பின்னால் நகர்ந்தாள்.

"யாருய்யா நீ?"

"பெர்மனென்ட்டுடி."

"மெய்யாலுமா? எப்பலேந்து?"

"பன்னெண்டேகாலு."

"எது வரிக்கும்?"

"ரெண்டு மணி வரிக்கும்."

 என்னை ஒரு பார்வை பார்த்தாள், கணக்குப் போட்டது நான்தான் என்று யாரோ சொல்லிவிட்ட மாதிரி. பிறகு அவன் காலரை இழுத்துச் சரிசெய்தாள்.

"முதுகு வலிக்குதா?"

வரதன் நின்று, முதுகை விசாரித்துப் பார்த்தான். "இல்ல" என்றான், அவனுக்கே ஆச்சரியமாக. "வலிக்கல."

கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே இரண்டு பேரும் சாலையைக் கடந்து போனார்கள். அவன் மெதுவாக நடந்தான், அவசரமே இல்லாமல். லாரிகளும் அப்படித்தான் நின்றுகொண்டிருந்தன.

தொண்ணூற்றெட்டு, தொண்ணூற்றொன்பது ஆகிய இரண்டு வருஷமும் எங்கள் பீப்பாய்க் கம்பெனி கதவடைப்பில் இருந்தது. ஓர் ஆள், ஒரு நாள்கூட உள்ளே போகவில்லை. இதற்கும் அதே ஒன்றரைச் சத்தியம்தான்.